கூடையில் இல்லாத வஞ்சிரம்

லண்டன்
12 டிசம்பர் 1928

அன்புள்ள மச்சான் ஜேக்கப்புக்கு,

இங்கே குளிரும் இருமலும் தவிர நான் சுகம். அங்கே நீயும் என் தங்கை ஃப்ளோரன்ஸும் நோய்நொடியில்லாமல் இருக்க மாதாவை வேண்டிக்கொள்கிறேன்.

நல்ல செய்தி. எனக்கு டாக்டர் பட்டம் கிடைத்துவிட்டது. மூன்று பேராசிரியர்கள் இரண்டு மணி நேரம் கேள்வி கேட்டார்கள். எழுந்து வரும்போது மூவரும் கை கொடுத்தார்கள். 'இல்லை' என்று முடியும் ஒரு வாக்கியம் எதைப் பற்றிப் பேசுகிறது என்பதுதான் என் ஆராய்ச்சி என்று உனக்குத் தெரியும். இருநூற்றுப் பன்னிரண்டு பக்கம் ஆயிற்று.

இன்னொன்று இதைவிட முக்கியம். நாம் படித்த அதே கல்லூரியில் தர்க்க சாஸ்திரத்துக்கு ஆசிரியர் இடம் காலியாகிறது. எழுதியனுப்பியிருக்கிறேன். ஆராய்ச்சிப் பிரதி ஜூன் 30-க்குள் கல்லூரி அலுவலகத்தில் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் மனுவைப் பார்க்கமாட்டார்கள். ஜூலை முடியும்வரை எனக்கு இங்கே வகுப்புகள் இருப்பதால் நான் நேரில் வர முடியாது. அதனால் டைப் செய்த பிரதியையும் என் கையெழுத்துப் பிரதியையும் புத்தகங்களோடு ஒரே பெட்டியில் வைத்துச் சரக்குக் கப்பலில் உன் பெயருக்கு அனுப்பியிருக்கிறேன். வேறு பிரதி என்னிடம் கிடையாது. ஜனவரி கடைசியில் வந்து சேரும்.

பெட்டி இறங்குகிற துறைமுகத்திலேயே நீ வேலை பார்க்கிறாய். எனக்கு இதைவிட வேறென்ன பத்திரம் வேண்டும்? இந்த வேலை கிடைத்தால் ஏழு வருஷத்துக்குப் பிறகு ஊர் திரும்புவேன். கிடைக்காவிட்டால் ரங்கூனில் ஒரு சின்னக் கல்லூரி கூப்பிடுகிறது. அங்கே போக எனக்கு மனமில்லை.

ஃப்ளோரன்ஸுக்கு என் அன்பு.

உன் மச்சான்
இக்னேஷியஸ்

---

ராயபுரம்
6 ஜனவரி 1929

மகா கனம் பொருந்திய டாக்டர் மச்சான் அவர்களுக்கு,

மூன்று ராசாக்கள் திருநாளும் அதுவுமாக எழுதுகிறேன். நாங்கள் இருவரும் சுகம். உன் இருமலுக்கு மிளகு கிடைக்கிற ஊரா அது?

இன்று பூசையில் பங்குச் சாமியார் உன் பெயரைப் பிரசங்கத்தில் சொன்னார். வெளியே வந்ததும் நாலைந்து பேர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். உன் கை லண்டனில் இருப்பதால் கிடைத்த கையைக் குலுக்கினார்கள் என்று நினைக்கிறேன். எட்டு வருஷமாய்த் துறைமுகத்தில் கப்பல் மூட்டைகளை எண்ணி எழுதிக்கொண்டிருக்கிறேன். என் கையை இதுவரை யாரும் தொட்டதில்லை.

என்னோடு வேலை பார்க்கும் மாரியப்பன் கேட்டான்: "இன்னா மாமு, ஒன் மச்சான் டாக்டராயிட்டாராமே! எனக்கு இடுப்பு நோவு கீது, மருந்து எழுதித் தருவாரா?"

"அவரு அந்த டாக்டரு இல்லடா. 'இல்ல'ன்னு சொன்னா இன்னா அர்த்தம்னு கண்டுபிடிச்ச டாக்டரு."

"அதுக்கா சீமைக்குப் போனாரு? எம் பொஞ்சாதி தெனமும் சொல்றா, அரிசி இல்ல, பருப்பு இல்லன்னு. அவளைக் கேட்டிருந்தா இங்கியே சொல்லியிருப்பாளே!"

சிரித்தேன். ஆனால் ஒரு விஷயம் நினைவுக்கு வந்துவிட்டது. நீ மறந்திருக்கமாட்டாய். 1919, இரண்டாம் வருஷம். காசிமேட்டு மீன்காரி கெங்கம்மா கூடையை இறக்கிவைத்து, "இன்னிக்கு வஞ்சிரம் இல்ல நைனா" என்று சொன்னதைக் கேட்டுவிட்டு வகுப்புக்கு வந்தேன். எழுந்து நின்று கேட்டேன். இல்லாத வஞ்சிரத்தைப் பற்றி அவள் சொன்னது எப்படி உண்மையாகும், எந்த மீனைப் பற்றி அவள் பேசினாள் என்று. வாத்தியார் சிரித்தார். வகுப்பே சிரித்தது. நீயும் சிரித்தாய். அப்புறம் மூன்று நாள் கடற்கரையில் என்னை நடக்கவைத்து அதையே கேட்டுக்கொண்டிருந்தாய்.

பரீட்சையில் தர்க்கத்தில் நான் முதல், நீ இரண்டாவது. அப்பா செத்துப்போனார், நான் துறைமுகத்தில் கையெழுத்துப் போட்டேன், நீ கப்பலேறினாய். குறையாகச் சொல்லவில்லை. ஞாபகம் வந்தது, எழுதினேன். உன் புத்தகத்திலும் இதை எழுதியிருப்பாய் என்று எனக்குத் தெரியும்.

பெட்டி வரட்டும், பார்த்துக்கொள்கிறேன்.

உன்
ஜேக்கப்

---

லண்டன்
30 ஜனவரி 1929

அன்புள்ள மச்சானுக்கு,

சுகம், சுகமறிய ஆவல். இங்கே தண்ணீர்க்குழாய் உறைந்துபோய் நான்கு நாளாயிற்று. இருமல் தேவலை.

நீ எழுதிய பழைய கதைகளைப் படித்துச் சிரித்தேன். மாரியப்பனுக்கு என் வணக்கம்.

பெட்டி வந்ததா? கப்பல் பதினைந்து நாளைக்கு முன்பே கொழும்பைத் தாண்டிவிட்டதாகக் கம்பெனியில் சொன்னார்கள். ஒரு வரி எழுதினால் போதும், நிம்மதியாகத் தூங்குவேன்.

உன்
இக்னேஷியஸ்

---

ராயபுரம்
24 பிப்ரவரி 1929

மச்சானுக்கு,

நாங்கள் சுகம். தபசு காலம் ஆரம்பித்துவிட்டது.

கப்பல் வந்தது, போயிற்று. உன் பெட்டி இல்லை. இல்லை என்றால் என்ன அர்த்தமென்று டாக்டருக்கு நான் சொல்லவேண்டியதில்லை.

கிடங்குகளில் விசாரித்துக்கொண்டிருக்கிறேன்.

ஜேக்கப்

---

ராயபுரம்
3 மார்ச் 1929

அன்புள்ள அண்ணனுக்குத் தங்கை ஃப்ளோரன்ஸ் எழுதிக்கொண்டது.

சேசுவின் கிருபையால் நாங்கள் சுகமே. நீ அனுப்பிய கம்பளிச் சால்வை இந்த ஊர் வெயிலுக்கு உதவாது என்றாலும் மடித்துப் பத்திரமாக வைத்திருக்கிறேன்.

உன் பெட்டி பத்திரமாக வந்துசேர்ந்ததை இவர் எழுதியிருப்பார். ஜனவரி 22-ந் தேதி கைவண்டியில் போட்டு வீட்டுக்கே கொண்டுவந்துவிட்டார். அன்றைக்கு அவருக்கு இருந்த சந்தோஷத்தைச் சொல்லி முடியாது. கையைச் சோப்புப் போட்டுக் கழுவிவிட்டுப் பெட்டியைத் திறந்தார். காகிதக் கட்டை எடுத்து நின்றபடியே முதல் பக்கத்தைப் படித்தார். அப்புறம் உட்கார்ந்து அதே பக்கத்தை மறுபடி படித்தார். பின்பக்கம் ஏதாவது இருக்கிறதா என்று திருப்பிக்கூடப் பார்த்தார். அவ்வளவுதான். கட்டைக் கட்டி உள்ளே போட்டுப் பெட்டியைக் கட்டிலுக்கடியில் தள்ளிவிட்டார்.

"இன்னாங்க ஆச்சு?" என்று கேட்டேன்.

"ஒண்ணும் ஆவல. ஒங்க அண்ணன் ரொம்ப நல்லா எழுதிக்கீறாரு."

அன்றிலிருந்து முகம் கொடுத்துப் பேசுவதில்லை. கெங்கம்மா வாசலில் கூடையை இறக்கி, "வஞ்சிரம் கீதும்மா, எடுத்துக்கோ" என்றால் இவர் உள்ளேயிருந்து "வாணாம், போ!" என்று கத்துகிறார். தபசு காலத்தில் கறிதான் கிடையாது. மீனும் வேண்டாமென்றால் நான் எதைத்தான் சமைப்பேன்?

காலேஜில் எப்போது கொடுக்கப்போகிறீர்கள் என்று கேட்டேன். நாளிருக்கிறது என்றார். உங்கள் இரண்டு பேருக்குள் ஏதாவது மனத்தாங்கலா அண்ணா? நான் எழுதினதாக அவரிடம் காட்டிக்கொள்ளாதே.

உன் தங்கை
ஃப்ளோரன்ஸ்

---

லண்டன்
27 மார்ச் 1929

அன்புள்ள ஜேக்கப்புக்கு,

நலம். உங்கள் இருவர் நலத்துக்கும் வேண்டிக்கொள்கிறேன். உயிர்ப்புத் திருநாள் வாழ்த்துகள்.

பெட்டி கிடைக்கவில்லை என்று எழுதியிருந்தாய். துறைமுகத்தில் தவறிப்போகிற சாமான்கள் பல மாதம் கழித்துக் கிடைப்பதுண்டு என்று நீதான் முன்பு சொல்லியிருக்கிறாய். இதுவும் கிடைக்கும் என்று நம்புகிறேன்.

கிடைத்தால் ஒரு காரியம் செய். முதல் பக்கத்தில் ஒரு பிழை இருக்கிறது. 'ஒரு நாள் காலை காசிமேட்டில் மீன்காரி ஒருத்தி பேசக் கேட்டபோது இந்தக் கேள்வி என் மனத்தில் எழுந்தது' என்று எழுதியிருக்கிறேன். அவசரத்தில் அப்படி விழுந்துவிட்டது. திருத்திய பக்கத்தை இத்துடன் அனுப்புகிறேன். 'மதராஸ் துறைமுகத்தில் குமாஸ்தாவாக இருக்கும் நண்பர் ஒருவர் பேச்சுவாக்கில் எழுப்பிய ஐயமே இந்நூலுக்குத் தூண்டுதல்.' பழையதை எடுத்துவிட்டு இதை வைத்துக் கல்லூரியில் கொடுத்துவிடு.

ஜூன் 30 என்பதை மறந்துவிடாதே.

உன்
இக்னேஷியஸ்

---

ராயபுரம்
21 ஏப்ரல் 1929

மச்சானுக்கு,

சுகம். வெயில் மண்டையைப் பிளக்கிறது. ஃப்ளோரன்ஸ் உனக்கு அன்பு சொல்லச் சொன்னாள்.

பெட்டி கிடைக்கவில்லை.

கிடைக்காத பெட்டிக்குள் இருக்கிற பக்கத்தைத் திருத்துவது உன் சாஸ்திரத்துக்குப் பொருத்தம்தான். நானும் அதே முறையில் என் அபிப்பிராயத்தைச் சொல்கிறேன். துறைமுகத்தில் அறுபது குமாஸ்தாக்கள் இருக்கிறோம். அதில் எந்தக் குமாஸ்தா? மாரியப்பனா? அவனும் 'இல்லை'யைப் பற்றி ஏதோ சொன்னான், நான் உனக்கு எழுதியும் இருந்தேன். அவனாகவும் இருக்கலாமே. நண்பருக்குப் பெயர் கிடையாதா? ஞானஸ்நானத் தொட்டியில் அவர் தலையில் தண்ணீர் ஊற்றியபோது நீ பக்கத்தில் இல்லையென்றாலும், அவர் கல்யாணத்தில் பெண்ணுக்கு அண்ணனாக நின்றவன் நீதானே?

'பேச்சுவாக்கில்' என்கிறாய். சட்டை நனைய வேர்த்து எழுந்து நின்று, நாற்பது பேர் சிரிக்கக் கேட்டதற்குப் பெயர் பேச்சுவாக்கா?

போகட்டும். பெட்டியே இல்லாதபோது எதற்கு இத்தனை பேச்சு?

ஜேக்கப்

---

லண்டன்
20 மே 1929

ஜேக்கப்புக்கு,

சுகம். நீங்களும் சுகமாயிருக்க வேண்டும்.

இன்னொரு பக்கம் அனுப்புகிறேன். இதற்குமேல் திருத்தமாட்டேன்.

'இந்நூலின் கேள்வி என்னுடையதல்ல. 1919-ம் வருஷம் மதராஸில் வகுப்பறையில் எழுந்து நின்று இதைக் கேட்டவர் ராயபுரம் எஸ். ஜேக்கப். அன்று சிரித்தவர்களில் நானும் ஒருவன்.'

இந்த மூன்று வாக்கியத்தையும் எழுத எனக்கு ஆறு நாள் பிடித்தது. எழுதி எழுதிக் கிழித்தேன். ஏன் என்று நீ கேட்கமாட்டாய், உனக்குத் தெரியும்.

பெட்டி கிடைத்துவிடும் என்று நினைக்கிறேன். எனக்கு ஊருக்கு வரவேண்டும் ஜேக்கப்.

இக்னேஷியஸ்

---

ராயபுரம்
2 ஜூலை 1929

அன்புள்ள அண்ணனுக்கு,

ஃப்ளோரன்ஸ் எழுதுவது. உடம்புக்கு எல்லோரும் சுகம். மனசுக்குச் சுகமில்லை.

ஜூன் பத்தாம் தேதி உன் கடிதம் வந்தது. படித்துவிட்டு இவர் எழுந்துபோய் முகம் கழுவிக்கொண்டு வந்தார். பெட்டியை இழுத்தார், பழைய பக்கத்தை எடுத்தார், புதிய பக்கத்தை வைத்தார். எனக்குப் படித்துக்காட்டி அர்த்தமும் சொன்னார். நாளைக்கே காலேஜில் கொடுத்துவிடுவதாகவும் சொன்னார். அன்று கெங்கம்மாவிடம் வஞ்சிரம் வாங்கச்சொல்லி, பக்கத்து வீட்டுக்கும் குழம்பு கொடுத்தனுப்பினார். எல்லாம் சரியாகிவிட்டது என்று மாதாவுக்கு மெழுகுவத்தி வைத்தேன்.

மறுநாள் வேலைக்குப் போகும்போது கட்டை எடுத்துக்கொள்ளவில்லை. ஒரு தடவை படித்துவிட்டுக் கொடுக்கிறேன் என்றார். அதிலிருந்து தினமும் வேலையிலிருந்து வந்ததும் சட்டையைக்கூடக் கழற்றாமல் அதோடுதான் உட்கார்ந்திருந்தார். முதல் வாரம் பக்கம் திருப்பினார். அப்புறம் திருப்பவேயில்லை. ஒரே பக்கம். பென்சிலால் மீன் பெயரெல்லாம் எழுதுகிறார், அடிக்கிறார், தலையில் குட்டிக்கொள்கிறார்.

"தேதி ஆவுதுங்க, குடுத்துட்டு வந்துடுங்க. அண்ணன் அங்க நெருப்பு மேல நின்னுகினு இருப்பாரு."

"படிச்சு முடிக்காம குடுக்கமாட்டேன். எம் பேரு போட்டுக்கீது இதுல. எனக்கே புரியாம எப்டிக் குடுப்பேன்?"

"புரியலன்னா அண்ணனாண்ட எழுதிக் கேளுங்களேன்."

இதைச் சொன்னதுதான் தப்பு. தட்டைத் தூக்கி முற்றத்தில் எறிந்துவிட்டார்.

போன சனிக்கிழமை காலையில் குளித்து, கட்டைக் கையிடுக்கில் வைத்துக்கொண்டு, "புரியாட்டிப் போவுது, குடுத்துட்டு வரேன்" என்று கிளம்பினார். நான் கோயிலுக்குப் புடைவை மாற்றிக்கொண்டிருந்தேன். "இன்னிக்கா போறீங்க? இன்னிக்கு இராயப்பர் திருநாளாச்சே!" என்று ஓடிவந்து சொல்வதற்குள் தெருவைத் தாண்டிவிட்டார். நம் கோயில் பேருகொண்ட திருநாள், தெரு முழுக்கத் தோரணம், அதுகூட அவர் கண்ணில் படவில்லை. சாமியார்கள் நடத்துகிற காலேஜ் அன்றைக்குத் திறந்திருக்குமா? மறுநாள் முப்பதாம் தேதி ஞாயிற்றுக்கிழமை. திங்கட்கிழமை முதல் ஆளாகப் போய் நின்றாராம். தேதி முடிந்துவிட்டது என்று வாங்கவில்லை. கெஞ்சினாராம். இவர் யாரிடமாவது கெஞ்சி நான் பார்த்ததில்லை.

என்னை மன்னித்துவிடு அண்ணா. நானே ஒரு ரிக்ஷா பிடித்துப் போய்க் கொடுத்திருக்கலாம். புருஷன் கோபித்துக்கொள்வார் என்று இருந்துவிட்டேன்.

ஃப்ளோரன்ஸ்

---

ராயபுரம்
4 ஜூலை 1929

இக்னேஷியஸ்,

நலம் விசாரிக்க எனக்கு முகமில்லை.

பெட்டி ஜனவரி 22-ந் தேதியே வந்துவிட்டது. நானே கையெழுத்துப் போட்டு எடுத்தேன். வரவில்லை என்று உனக்கு இரண்டு தடவை பொய் எழுதினேன். சாமியாரிடம் பாவசங்கீர்த்தனம் செய்துவிட்டேன். உன்னிடம் செய்வதுதான் கஷ்டமாயிருக்கிறது.

முதல் பக்கத்தில் 'என் மனத்தில் எழுந்தது' என்று படித்ததும் என் வயிற்றில் கொள்ளி வைத்தது போலிருந்தது. சீமைக்குப் போகிற வாய்ப்பு உனக்கு, பட்டம் உனக்கு, சாமியார் பிரசங்கம் உனக்கு. எனக்கென்று இருந்தது அந்த ஒரு கேள்வி. அதையும் எடுத்துக்கொண்டாயே என்று ஐந்து மாதம் அந்தப் பெட்டிக்கு மேல் படுத்துத் தூங்கினேன். நீ தவிக்கவேண்டும் என்று நினைத்தேன். உன்னை நாசமாக்க நினைக்கவில்லை. சமயத்தில் கொடுத்துவிடுவேன் என்றுதான் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

என் பேர் போட்ட பக்கம் வந்தது. ஜெயித்துவிட்டேன். அப்புறம்தான் முதல் பக்கத்தைத் தாண்டிப் படிக்க ஆரம்பித்தேன். நாளைக்கு அந்தக் காலேஜில் எவனாவது என்னைப் பார்த்து, உன் கேள்விக்கு என்னப்பா பதில் என்று கேட்டால் விழிக்கக்கூடாதே என்றுதான் படித்தேன்.

நாற்பது பக்கம் சுலபமாக வந்தேன். கெங்கம்மா வஞ்சிரத்தைப் பற்றிப் பேசவில்லை, கூடையைப் பற்றிப் பேசுகிறாள் என்கிறாய். அடடா என்று கை தட்டினேன். கூடையில் இருப்பதை வரிசையாகச் சொன்னால் போதும், சங்கரா, காரப்பொடி, இறால். அதைச் சொன்னபின் 'வஞ்சிரம் இல்லை' என்று தனியாகச் சொல்லவேண்டியதில்லை, அது அந்த வரிசைக்குள்ளேயே இருக்கிறது என்கிறாய். நாற்பத்தொன்றாம் பக்கத்தில் 'ஆகவே' என்று ஆரம்பிக்கிறாய். அந்த 'ஆகவே'யில் நின்றுவிட்டேன்.

சங்கரா, காரப்பொடி, இறால். சரி. கூடையில் இவ்வளவுதான் என்று யார் சொன்னது? நாங்கள் மூட்டை எண்ணி எழுதும்போது கடைசி மூட்டைக்குக் கீழே ஒரு கோடு இழுத்துத்தான் கையெழுத்துப் போடுவோம். கோடு இல்லாத தாளை மேலே வாங்கமாட்டார்கள், பின்னால் யாராவது ஒன்று சேர்த்துவிடலாம் என்று. இதற்குமேல் ஒன்றும் இல்லை என்பதுதான் அந்தக் கோட்டுக்கு அர்த்தம். உன் வரிசைக்கும் அடியில் அப்படி ஒரு கோடு வேண்டாமா? கோடு போட்டால் அதுவே ஒரு 'இல்லை'தானே? 'இல்லை'யைத் துரத்தத்தான் வரிசை எழுதினாய். அடியில் இன்னொரு 'இல்லை' வந்து உட்கார்ந்துகொள்கிறதே.

பத்து நாள் மண்டையை உடைத்துக்கொண்டேன். மூன்று பேராசிரியர்களுக்குப் புரிந்தது எனக்குப் புரியவில்லை. கோட்டைப் பற்றிய என் கேள்விக்கு விடை அந்த 'ஆகவே'க்குள் எங்கேயோ இருக்கிறது, மூட்டை எண்ணி எண்ணி என் மூளை மழுங்கிவிட்டது என்று தெரிந்துகொண்டேன். இதுநாள்வரை உன் அதிர்ஷ்டத்தைப் பார்த்துத்தான் பொறாமைப்பட்டேன். அப்பா சாகாதிருந்தால் நானும் இவனைப்போல் ஆகியிருப்பேன் என்று சொல்லிக்கொள்ள முடிந்தது. இப்போது அதுவும் போயிற்று. அப்பா இருந்திருந்தாலும் நான் நாற்பத்தொன்றாம் பக்கத்தில்தான் நின்றிருப்பேன்.

இந்த எரிச்சலில் தேதியைத் தவறவிட்டேன். இராயப்பர் திருநாளை மறந்த ராயபுரத்தான் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

பிரதியைப் பதிவுத் தபாலில் இன்றே திருப்பி அனுப்புகிறேன். என் பேர் போட்ட பக்கத்தை எடுத்துவிட்டேன்.

ஜேக்கப்

---

லண்டன்
1 ஆகஸ்ட் 1929

ஜேக்கப்புக்கு,

உங்கள் இருவர் உடல்நலத்துக்கும் வேண்டிக்கொள்கிறேன். ஃப்ளோரன்ஸிடம் அவள்மேல் எனக்கு வருத்தமில்லை என்று சொல்.

கல்லூரியிலிருந்து இரண்டு வரியில் கடிதம் வந்தது. வேறொருவரை எடுத்துவிட்டார்கள். செப்டம்பரில் ரங்கூன் போகிறேன். அங்கே முதல் வருஷப் பையன்களுக்குத் தர்க்கத்தின் அரிச்சுவடி சொல்லிக்கொடுக்க வேண்டும். ராயபுரத்துக்கு வரமாட்டேன். இப்போது உன் முகத்தைப் பார்த்தால் அடித்துவிடுவேன்.

பெட்டி உன் கட்டிலுக்கடியில் இருப்பது மார்ச்சிலேயே எனக்குத் தெரியும். பங்குச் சாமியாருக்கு ஒரு தந்தி அடித்திருந்தால் அரை மணியில் எடுத்துக் கொடுத்திருப்பார். அடிக்கவில்லை. ஏன் ஒளித்துவைத்தாய் என்று அவர் உன்னைக் கேட்பார், நீ முதல் பக்கத்தைக் காட்டுவாய். அதற்குப் பயந்துதான் உனக்குப் பக்கம் பக்கமாகத் திருத்தி அனுப்பிக்கொண்டிருந்தேன். ஆக வேலை போனதில் எனக்கும் பங்குண்டு. சரிபாதி என்று சொல்லமாட்டேன்.

மன்னிப்புக் கேட்டு எழுதாதே. இன்னும் மன்னிக்கவில்லை.

நாற்பத்தொன்றாம் பக்கத்தைப் பற்றி. அந்த 'ஆகவே'க்குள் ஒன்றும் கிடையாது. அங்கே ஏதோ ஓட்டை இருக்கிறதென்று எனக்குத் தெரியும், என்ன ஓட்டை என்று தெரியாது. இரண்டு வருஷம் அதோடு படுத்து எழுந்தேன். கடைசியில் அந்த ஒரு சொல்லைப் போட்டு மூடினேன். மூன்று பேராசிரியர்களும் அதன்மேல் நடந்து போனார்கள். கை கொடுத்தார்களே, அன்று அறைக்கு வந்து அழுதேன். ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை என்ற சந்தோஷமா, ஒருவருக்கும் கண்ணில்லை என்ற துக்கமா, இன்றுவரை தெரியவில்லை.

நீ புரியாமல் நிற்கவில்லை, மடையா. அந்த இடத்தில் நின்றது நீ ஒருவன்தான். அந்தக் கோட்டைப் பற்றி உனக்குத் தோன்றியதெல்லாம் எழுது, ஒன்று விடாமல் எழுது. ரங்கூன் விலாசத்தைத் தனித் தாளில் எழுதி வைத்திருக்கிறேன். உன் கடிதத்தைப் பன்னிரண்டு தடவை படித்துவிட்டேன். ஏழு வருஷம், இத்தனை புத்தகம், இந்தக் குளிர், எதுவும் எனக்குக் காட்டாததை நீ துறைமுகத்தில் மூட்டை எண்ணிக்கொண்டே பார்த்துவிட்டாய். வேலை போனதைக்கூடத் தாங்கிக்கொள்வேன். மறுபடியும் நீயா என்றுதான் எனக்கு வயிறு எரிகிறது.

இக்னேஷியஸ்